'ரூமர்ஸ்' இசைத்தொகுப்பை ஹை-ரெஸ் ஒலியில் கேட்கும்போது: அறிகுறி வாரியாகப் பிழை நீக்கும் வழிமுறை

ஃப்ளீட்வுட் மேக் குழுவை 1967இல் லண்டனில் பீட்டர் கிரீன் தொடங்கியபோது அது கலப்பற்ற ப்ளூஸ் (அமெரிக்கக் கறுப்பின மக்களின் இசை நடை) குழுவாக இருந்தது. பேஸ் கிட்டார் வாசித்த ஜான் மேக்வீ, ஜான் மேயாலின் ப்ளூஸ் குழுவிலிருந்து வந்தவர். பின்னர் சேர்ந்த கிறிஸ்டின் மேக்வீயும் சிக்கன் ஷாக் என்னும் ப்ளூஸ் குழுவில் பாடியவர். 1974இன் இறுதியில் லிண்ட்சி பக்கிங்ஹாமும் ஸ்டீவி நிக்ஸும் சேர்ந்த பிறகு பாப் மெட்டுகள் மேலெழுந்தன; ப்ளூஸ் நடை அடித்தளத்தில் தங்கிவிட்டது. அந்தக் கலவையின் முதிர்ந்த வடிவம்தான் 1977 பிப்ரவரியில் வெளிவந்த 'ரூமர்ஸ்'. 2001இல் இது டிவிடி-ஆடியோ வட்டாக வந்தது. பிறகு எஸ்ஏசிடி (சூப்பர் ஆடியோ சிடி) வட்டாகவும், 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் தரத்தில் தரவிறக்கக் கோப்பாகவும் கிடைக்கிறது.

இத்தொகுப்பை ஹை-ரெஸ்ஸில், அதாவது சிடியைவிட நுணுக்கமான டிஜிட்டல் தரத்தில், வாங்குபவர்கள் அடையும் ஏமாற்றங்களில் ஒரு பகுதி கோப்பிலோ கருவிச் சங்கிலியிலோ பிறக்கிறது. மறு பகுதி 1976இல் ஒலிநாடாவிலேயே பதிந்துவிட்டது. முன்னதைச் சரிசெய்யலாம், பின்னதைச் சரிசெய்ய முடியாது. இவ்விரண்டையும் பிரித்தறியாமல் கேபிளையும் ஹெட்போனையும் மாற்றிக்கொண்டே போவது வீண்செலவு. நானே ஒரு முறை இரண்டு மாதம் அப்படித்தான் கழித்தேன். கடைசியில் குறை, கடைக்காரர் ஒருவர் ஹை-ரெஸ் என்று சொல்லி விற்ற கோப்பிலேயே இருந்தது. ஆகவே கீழ்க்காணும் ஒவ்வோர் அறிகுறியிலும் குறை எந்தப் பக்கத்தைச் சேர்ந்தது என்பதை முதலில் தீர்மானித்துக்கொண்டு, ஒரு நேரத்தில் ஒரே ஒரு மாற்றத்தை மட்டும் செய்து பார்க்கவும்.

கோப்பு 96 கிலோஹெர்ட்ஸ். டாக் கருவியின் முகப்பில் 44.1 அல்லது 48 தெரிகிறது

இது மிகப் பரவலான கோளாறு. பெரும்பாலும் காசு செலவில்லாமல் தீர்வதும் இதுவே. பாட்டு ஓடும் செயலிக்கும், டிஜிட்டல் தரவை ஒலிக்குறிகையாக மாற்றும் டாக் கருவிக்கும் நடுவே இயங்குதளத்தின் ஒலிக்கலவைப் பகுதி உட்கார்ந்துகொண்டு, தனக்குப் பிடித்த சாம்பிள் ரேட்டுக்கு (ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளந்தெடுப்பது என்ற எண்) எல்லாவற்றையும் மாற்றிவிடுகிறது.

விண்டோஸ் கணினியில், ஒலி அமைப்புகளில் உங்கள் டாக்கைத் தேர்ந்து அதன் 'அட்வான்ஸ்டு' பகுதிக்குச் சென்றால் 'டிஃபால்ட் ஃபார்மட்' என்ற இடத்தில் ஒரு மதிப்பு நிலையாக வைக்கப்பட்டிருப்பதைக் காணலாம். அதை 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் என்று மாற்றினால் இந்தத் தொகுப்புக்குப் போதும். ஆனால் அடுத்து நீங்கள் ஒரு சிடி கோப்பைக் கேட்டால் அது தேவையின்றி 96க்கு ஏற்றப்படும். அதைவிட நல்ல வழி, ஃபூபார்2000 போன்ற செயலியில் வசாபி எக்ஸ்க்ளூசிவ் முறையைத் தேர்ந்தெடுப்பது. அப்போது கலவைப் பகுதி விலகி நிற்க, கோப்பின் சாம்பிள் ரேட் அப்படியே டாக்கைச் சென்றடையும். பட்டியலில் 96ஐத் தாண்டி எதுவுமே தெரியவில்லை என்றால் உங்கள் டாக் பழைய யூஎஸ்பி ஆடியோ முதல் வகுப்பைச் சேர்ந்ததாக இருக்கலாம். அவ்வகுப்பின் உச்ச வரம்பு 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் ஆதலால் 'ரூமர்ஸ்' கேட்பதற்கு அது குறையாகாது. இரண்டாம் வகுப்புக் கருவிகளுக்கான இயக்கி 2017இல் வந்த விண்டோஸ் 10 பதிப்பிலிருந்துதான் உள்ளேயே அமைந்தது. அதற்கு முந்தைய கணினி என்றால் தயாரிப்பாளரின் இயக்கியை நிறுவ வேண்டும்.

மேக் கணினியில் 'ஆடியோ மிடி செட்டப்' என்னும் கருவியைத் திறந்து அங்கே காட்டப்படும் ரேட்டைப் பார்க்கவும். பாட்டுக்கு ஏற்ப அது தானாக மாறும் என்று நம்பிவிட வேண்டாம். ஐபோனில் ஆப்பிள் மியூசிக் வழியாகக் கேட்பவர்கள் முதலில் அமைப்புகளில் 'லாஸ்லெஸ்' வசதியை இயக்க வேண்டும். அது முன்னிருப்பாக அணைந்தே இருக்கும். அதை இயக்கிய பின்னும், ஹெட்போன் செருகும் சிறிய லைட்னிங் அடாப்டர் 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் தராது என்பதால் 96 வேண்டுமானால் தனி டாக் தேவைப்படும். ஆண்ட்ராய்டு பேசிகளில் நெடுங்காலமாக எல்லா ஒலியும் 48 கிலோஹெர்ட்ஸ் என்னும் வாய்க்கால் வழியேதான் பாய்ந்து வந்தது. ஆண்ட்ராய்டு 14 முதல் அதைத் தவிர்க்கும் வழி இயங்குதளத்திலேயே உண்டு. எனினும் செயலி அதைப் பயன்படுத்தினால்தான் பயன். பழைய பேசிகளுக்கு, யூஎஸ்பி டாக்குடன் நேரடியாகப் பேசும் சொந்த இயக்கியைக் கொண்ட செயலிகளே வழி.

ப்ளூடூத் ஹெட்போன் வைத்திருப்பவர்களுக்கு இந்தப் பகுதியில் செய்வதற்கு அதிகம் இல்லை. 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் இரட்டைத் தட ஒலிக்கு நொடிக்கு 4,608 கிலோபிட் தேவைப்படுகிறது. ப்ளூடூத்துக்கான எல்டாக் சுருக்க முறையின் உச்சமே 990 கிலோபிட். ஃப்ளாக் கோப்பு இழப்பின்றிச் சுருங்கினாலும் அந்த அளவுக்குள் அடங்காது. பேசியின் திரையில் 96 என்று தெரிந்தாலும் காதுக்கு வருவது இழப்புடன் சுருக்கப்பட்ட ஒலியே. அது கேட்க இனிமையாகவே இருக்கலாம், ஆனால் இந்தக் கட்டுரையின் சோதனைகளை அதில் செய்து முடிவெடுக்கக் கூடாது.

எண்கள் எல்லாம் சரி. ஆனால் சிடியைவிட ஒன்றும் மேலாகத் தெரியவில்லை, அல்லது எதிர்பார்த்த பளபளப்பு இல்லை

இங்கே சற்று நிதானமாக நிற்க வேண்டும். ஏனெனில் இந்தத் தொகுப்பின் கதையே இங்குதான் இருக்கிறது.

கலிபோர்னியாவின் சாசலிட்டோவில் இருந்த ரெக்கார்ட் பிளாண்ட் ஒலிப்பதிவுக் கூடத்தில் 1976இன் தொடக்கத்தில் பதிவு தொடங்கியது. கென் கேலட்டும் ரிச்சர்ட் டாஷட்டும் குழுவுடன் இணைந்து தயாரித்தார்கள். இரண்டு அங்குல அகலமுள்ள 24 தட ஒலிநாடாவில் அடிப்படைத் தடங்களைப் பதிந்துவிட்டு, அதன்மேல் மாதக்கணக்கில் குரல்களையும் கிட்டார்களையும் சேர்த்துக்கொண்டே போனார்கள். நாடா ஒவ்வொரு முறையும் ஒலிமுனைகளை உரசிச் சென்றபோது அதன் காந்தப்பூச்சு உதிர்ந்து, மேல்சுர அதிர்வெண்கள் தேய்ந்தன. ஒரு கட்டத்தில் டிரம்ஸின் உயிர் போய்விட்டதைக் கேலட் கவனித்தார். நல்லவேளையாக, அடிப்படைத் தடங்கள் மட்டும் அடங்கிய, அதிகம் ஓட்டப்படாத இன்னொரு நாடா இருந்தது. இரண்டு எந்திரங்களையும் தானாக இணைத்து ஓட்டும் நேரக்குறியீடு எதுவும் அவற்றில் இல்லாததால், ஒரு நாடாவின் டிரம்ஸை ஒரு காதிலும் மற்றதன் டிரம்ஸை மறு காதிலும் ஹெட்போனில் கேட்டபடி, வேகத்தைக் கையால் கூட்டியும் குறைத்தும் இரண்டையும் பொருத்தி, பின்னால் சேர்த்த குரல்களையும் கருவிகளையும் புதிய நாடாவுக்குப் பெயர்த்தார்கள்.

இதன் விளைவை நேரடியாகக் காதால் உணரலாம். டிரம்ஸ் கூர்மையாக நிற்கும். அதன்மேல் அடுக்கிய சில குரல்களும் கிட்டார்களும் தேய்ந்த நாடாவிலிருந்து ஒரு தலைமுறை தள்ளிப் பெயர்க்கப்பட்டவை என்பதால் சற்று மென்மையாகவே இருக்கும். 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேலே இவற்றில் பெரிதாக எதையும் எதிர்பார்ப்பதற்கில்லை. 96 கிலோஹெர்ட்ஸ் பதிவில் 48 கிலோஹெர்ட்ஸ் வரை இடம் இருக்கிறது என்பது உண்மை. அந்த இடத்தை நிரப்ப நாடாவில் சரக்கு இருக்க வேண்டும் அல்லவா? ஒலி வீச்சின் கதையும் அதுவே: 24 பிட் கணக்குப்படி 144 டெசிபல் கிடைக்கும், 16 பிட் 96 டெசிபல் தரும், அந்தக் காலத்து ஒலிநாடாவின் வீச்சோ சிடியின் எல்லைக்குள்ளேயே அடங்கிவிடும்.

உங்கள் கருவியே மங்கலாக ஒலிக்கிறதா, இல்லை நாடாவின் மங்கலா என்று அறிய 'நெவர் கோயிங் பேக் அகெய்ன்' பாடலைப் போடவும். கிட்டார் கம்பிகளின் புதுப்பொலிவு மங்கிவிடாமலிருக்க ஏறத்தாழ 20 நிமிடத்துக்கு ஒரு முறை கம்பிகளை மாற்றிப் பதிந்த பாடல் அது. அதில் கம்பிகள் மின்னி, விரல் நகரும் உரசல் தனித்துக் கேட்டால் உங்கள் டாக், ஆம்ப்ளிஃபையர், ஹெட்போன் மூன்றுமே நலம். அதுவே போர்வைக்குள்ளிருந்து வருவதுபோல் இருந்தால் குறை உங்கள் வீட்டில்தான். பேசியில் மறந்துபோன ஈக்வலைசர், ஹெட்போனின் நைந்துபோன காதுமெத்தை, துணிமூடிக்குள் தூசு அடைந்த ட்வீட்டர் (மேல்சுர ஸ்பீக்கர்) என்ற வரிசையில் தேடவும்.

அடுத்து, கோப்பு உண்மையானதா என்று பார்க்கவும். ஆடாசிட்டி செயலியில் கோப்பைத் திறந்து ஸ்பெக்ட்ரோகிராம் காட்சிக்கு மாற்றினால் அதிர்வெண்கள் படமாக விரியும். ஒலிநாடாவிலிருந்து முறையாக எடுத்த கோப்பில் ஆற்றல் மேலே செல்லச் செல்லப் படிப்படியாகத் தேய்ந்து, நாடாவின் மெல்லிய இரைச்சலில் கரையும். 22 கிலோஹெர்ட்ஸ் அருகே கத்தியால் வெட்டியதுபோல் நின்றுவிட்டால் அது சிடி ஒலியை ஏற்றிக் காட்டிய கோப்பு. 16 கிலோஹெர்ட்ஸிலேயே நின்றால் எம்பி3 வழியாக வந்த கோப்பு என்று சந்தேகிக்கலாம். நான் முதலில் குறிப்பிட்ட என் கோப்பு 22இல் நின்றது.

மூன்றாவது சோதனையே என் கருத்தில் மிகவும் நேர்மையானது. உங்கள் பழைய சிடியோடு ஹை-ரெஸ் கோப்பை ஒப்பிடாதீர்கள். இரண்டும் வெவ்வேறு ஆண்டுகளில் வெவ்வேறு விதமாக மாஸ்டரிங் (வெளியீட்டுக்கு முன் ஒலியைச் செப்பனிடுதல்) செய்யப்பட்டவையாக இருக்கக்கூடும், ஒலியளவும் மாறுபடும். ஒரு டெசிபல் கூடுதலாக ஒலிப்பதையே காது 'தெளிவு' என்று வாசித்துவிடும். அதற்குப் பதிலாக ஹை-ரெஸ் கோப்பையே 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸாக மாற்றி ஒரு நகல் எடுத்து, எது எது என்று தெரியாதபடி ஃபூபாரின் ஏபிஎக்ஸ் சோதனையில் அவ்விரண்டையும் கேட்கவும். அந்த இரண்டுக்கும் வேறுபாடு தெரியவில்லை, ஆனால் பழைய சிடிக்கும் இவற்றுக்கும் தெளிவாகத் தெரிகிறது என்றால், நீங்கள் காசு கொடுத்து வாங்கியது சிறந்த மாஸ்டரிங்கை. பிட் எண்ணிக்கையை அல்ல. அதில் வருந்த ஒன்றுமில்லை. எனக்கு அந்த முடிவுதான் கிடைத்தது. பின்னர் வாங்கிய உண்மையான ஹை-ரெஸ் கோப்பைத்தான் இன்றும் கேட்கிறேன்.

பின்னணியில் 'ஸ்ஸ்' என்ற இரைச்சல்

பாட்டை இடையில் நிறுத்தவும். நிறுத்திய பிறகும் இரைச்சல் நீடித்தால் அது ஆம்ப்ளிஃபையரிலிருந்தோ, கூர் உணர்வுள்ள இயர்போனுக்குப் பொருந்தாத வலிய டாக்கிலிருந்தோ வருகிறது. 'கெயின்' எனப்படும் ஒலிக்கூட்டலை 'லோ' நிலைக்கு மாற்றிப் பார்க்கவும். நிறுத்தியதும் இரைச்சலும் நின்றுவிட்டால் அது 1976இன் நாடா. நல்ல கருவிகள் அதை மறைப்பதில்லை, இன்னும் துலக்கிக் காட்டுகின்றன. இரைச்சல் நீக்கும் செயலிகளைப் போட்டு அதைத் துடைத்தால் தாளத்தட்டுகளின் நுனியும் சேர்ந்து போய்விடும். அதைச் செய்ய வேண்டாம் என்பதே என் பரிந்துரை. கணினியின் மவுஸை நகர்த்தும்போது மாறும் கீச்சொலி வேறு வகை. அது யூஎஸ்பி மின்னோட்டத்தின் வழி நுழைவது. வேறு துளையில் செருகினாலோ மடிக்கணினியை மின்கலத்தில் ஓட்டினாலோ நீங்குகிறதா என்று பார்க்கவும்.

கோளாறு போலத் தோன்றி, கோளாறு அல்லாதவை

'சாங்பேர்ட்' பாடலில் பியானோவும் குரலும் தொலைவில் நிற்பதாகவும் எதிரொலி மிகுதி என்றும் பலர் முறையிடுகிறார்கள். அது கலையகத்தில் பதியப்படவில்லை. பெர்க்லி பல்கலைக்கழகத்தின் செல்லர்பாக் அரங்கில், ஆளில்லாத இருக்கைகளின் முன் கிறிஸ்டின் மேக்வீ வாசித்துப் பாடிய பதிவு. நீங்கள் கேட்பது அந்த அரங்கத்தின் காற்று. தாளம் தவறாமலிருக்கப் பக்கிங்ஹாம் வாசித்த கிட்டாரும் அதில் மெல்லியதாக இருக்கிறது. 'செகண்ட் ஹேண்ட் நியூஸ்' பாடலின் அடியில் ஓடும் மந்தமான 'டப் டப்' ஸ்பீக்கர் கிழிந்த ஓசையன்று. பக்கிங்ஹாம் நாற்காலியின் இருக்கையைத் தட்டித் தாளம் போட்டது. 'கோல்டு டஸ்ட் வுமன்' முடிவில் வரும் நொறுங்கல், குழுவின் டிரம்ஸ் கலைஞர் மிக் ஃப்ளீட்வுட் உடைத்த கண்ணாடி. 'ட்ரீம்ஸ்' டிரம்ஸ் சலிப்பூட்டும் அளவுக்கு ஒரே சீராக இருப்பதும் கோப்பு பழுதானதால் அல்ல; எட்டு பார் (தாளச் சுற்று) நீளமுள்ள தாளத்துண்டு நாடாவளையமாகச் சுழல விடப்பட்டது. உங்கள் பிரதியில் 11 பாடல்களுக்குப் பதில் 12 இருந்தால், 1977இல் இடமின்றி விடுபட்ட 'சில்வர் ஸ்பிரிங்ஸ்' பின்னாளில் சேர்க்கப்பட்ட பதிப்பு அது.

சொடுக்கொலி, விட்டு விட்டு ஒலித்தல், முதல் தட்டு காணாமல் போதல்

சொடுக்கொலி வந்த நொடியைக் குறித்துக்கொண்டு, அதே இடத்தை மீண்டும் ஓட்டவும். அதே நொடியில் திரும்ப வந்தால் கோப்பில் பழுது. இடம் மாறி மாறி வந்தால் கடத்தலில் பழுது. ஃப்ளாக் கோப்புகள் தமக்குள்ளேயே ஒரு சரிபார்ப்பு எண்ணைச் சுமக்கின்றன. ஃபூபாரிலோ ஃப்ளாக் கருவியிலோ 'வெரிஃபை' கொடுத்தால் பழுதுள்ளதா என்று ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும். பழுதென்றால் மீண்டும் தரவிறக்கவும். 40 நிமிடத் தொகுப்பு சுருக்காத நிலையில் 1.4 ஜிகாபைட் அளவு வரும் என்பதால், பாதியில் அறுந்த தரவிறக்கங்கள் அரிதல்ல.

கடத்தல் பழுதுக்கு, டாக்கை யூஎஸ்பி ஹப்பிலிருந்து கழற்றிக் கணினியிலேயே நேராகச் செருகவும். செயலியின் பஃபர் (தரவை முன்கூட்டியே சேர்த்து வைக்கும் இடம்) அளவைக் கூட்டவும். வைஃபை வழியாக வீட்டுச் சேமிப்பகத்திலிருந்து ஓட்டுபவர்கள் ஒரு முறை கோப்பைக் கணினியிலேயே வைத்து ஓட்டிப் பார்க்கவும். பாடலின் தொடக்கத்தில் மட்டும் அரை நொடி விழுங்கப்பட்டால், சாம்பிள் ரேட் மாறும்போது டாக் தன் வாயை மூடிக்கொள்கிறது என்று பொருள். செயலியில் தொடக்க அமைதி நேரத்தைச் சற்றுக் கூட்டினால் போதும்.

குரல் கீச்சென்று, பாட்டு வேகமாக ஓடுகிறது

44.1 கிலோஹெர்ட்ஸ் கோப்பை ஏதோ ஒரு கருவி 48 என்று தவறாகப் படித்து ஓட்டுகிறது. சுருதி ஏறத்தாழ முக்கால் கட்டை ஏறிவிடும். நான்கு நிமிடப் பாடல் 20 நொடி முன்னதாக முடிந்துவிடும். ஸ்டீவி நிக்ஸின் கரகரத்த குரலை நன்கறிந்தவருக்கு ஒரே வரியில் தெரிந்துவிடும். டாக்கைக் கழற்றிச் செருகி, செயலியை மறுபடி தொடங்கினால் பெரும்பாலும் சரியாகும். திரும்பத் திரும்ப வந்தால் இயக்கியைப் புதுப்பிக்கவும்.

பாடகர்கள் பின்வாங்கி நிற்கிறார்கள், பேஸ் மெலிந்திருக்கிறது

இரண்டு காரணங்கள் உண்டு. 2001இன் டிவிடி-ஆடியோ வட்டில் 5.1 சூழொலிக் கலவையும் இருக்கிறது. அதை இரண்டு ஸ்பீக்கருக்கு ஒடுக்கினால் சமநிலை குலையும். வட்டின் பட்டியலில் ஸ்டீரியோவைத் தேர்வு செய்யவும். சாதாரண டிவிடி இயந்திரத்தால் டிவிடி-ஆடியோ பகுதியைப் படிக்கவே இயலாது என்பதையும், அது காட்டுவது வட்டிலுள்ள சுருக்கிய ஒலியை மட்டுமே என்பதையும் நினைவில் கொள்ளவும். மற்றொரு காரணம், ஸ்பீக்கர்களில் ஒன்றின் சிவப்பு, கறுப்பு இணைப்புகள் மாறியிருப்பது. ஒரு ஸ்பீக்கரின் இணைப்பை மட்டும் தலைகீழாக மாற்றிப் பாருங்கள். பேஸ் நிறைந்து குரல் நடுவே வந்து நின்றால் முன்பு இருந்ததுதான் தவறு.

எஸ்ஏசிடியிலிருந்து எடுத்த டிஎஸ்டி (அவ்வட்டின் ஒலி வடிவம்) கோப்பில் இசையே இல்லாமல் வெறும் இரைச்சல் வந்தால், உடனே ஒலியைக் குறைத்துவிட்டு, செயலியின் ஒலியளவுக் கட்டுப்பாட்டை முழு அளவில் பூட்டி ஈக்வலைசரை அணைக்கவும். டிஎஸ்டி தரவைப் பொதிந்து அனுப்பும் முறையில் ஒரு பிட் மாறினாலும் டாக் அதை இசையாக அடையாளம் காணாது.

'தி செயின்' பாடலின் பிற்பகுதியில் பேஸ் அறையையே அதிர வைக்கிறது

மூன்று நிமிடத்தை ஒட்டி எல்லாம் அடங்கி, ஜான் மேக்வீயின் பேஸ் மட்டும் தனித்து வரும் இடம் அது. ஹெட்போனில் அந்தச் சுரங்கள் ஒரே பருமனாக ஒலித்து, ஸ்பீக்கரில் மட்டும் ஒரு சுரம் வீங்கினால் குற்றவாளி உங்கள் அறை. எதிரெதிர்ச் சுவர்களுக்கு நடுவே 3 மீட்டர், அதாவது சுமார் 10 அடி, இடைவெளி உள்ள அறையில் 57 ஹெர்ட்ஸ் அருகே அதிர்வு தேங்கும். பேஸ் கிட்டாரின் தடித்த கம்பி 41 ஹெர்ட்ஸில் தொடங்குவதால் அந்த வாசிப்பு நேராக அந்தத் தேக்கத்தில் போய் விழுகிறது. சம அளவில் சதுரமாகக் கட்டப்பட்ட அறைகளில் நீளவாக்கிலும் அகலவாக்கிலும் ஒரே அதிர்வெண் தேங்குவதால் தொல்லை இரட்டிப்பாகும்.

ஸ்பீக்கர்களை மூலையிலிருந்து வெளியே எடுத்து, பின்சுவரிலிருந்து இரண்டடி நகர்த்தவும். நாற்காலியைச் சுவரோடு ஒட்டிப் போடாமல் முன்னே இழுக்கவும். அந்தப் பேஸ் பகுதியைத் திரும்பத் திரும்ப ஓட விட்டு, ஒவ்வொரு முறையும் நாற்காலியை அரை அடி மாற்றி உட்கார்ந்து கேட்டால், எல்லாச் சுரமும் ஒரே உயரத்தில் நிற்கும் ஓர் இடம் தென்படும். தரையில் சுண்ணாம்புக்கட்டியால் அந்த இடத்தைக் குறித்துவிட்டு, பாடலை முதலிலிருந்து போடவும்.